சீட்டு என்று பெயர் வைத்த கப்பல்

அன்பு மகள் குட்டிக்கு அப்பா எழுதிக்கொள்வது. இங்கே அம்மா சுகம், நான் முழங்காலுக்கு மேலேயும் கீழேயும் சுகம், நடுவில் இருப்பது மட்டும் இன்னும் கொஞ்சம் முரண்டு பிடிக்கிறது. உன் சுகத்தைப் பற்றி நீ போனில் சொல்வதை அப்படியே நம்பிக்கொண்டிருந்தோம், அந்த விஷயத்துக்குப் பிறகு வருகிறேன். போன் இருக்கும்போது ஏன் கடிதம் என்று கேட்பாய். போனில் நான் ஏதாவது ஆரம்பித்தால் “அதெல்லாம் ஒண்ணுமில்லப்பா, வெச்சிடட்டா” என்று ஒரே போடாகப் போட்டு வைத்துவிடுகிறாய். கடிதத்தை அப்படி வைக்க முடியாது, மேசைமேல் கவிழ்த்து வைத்தாலும் அது பேசிக்கொண்டேதான் இருக்கும். அதனால் வயிறாரச் சாப்பிட்டுவிட்டு, சாய்ந்து உட்கார்ந்து, நிதானமாகப் படி. திட்டுவதற்காக எழுதவில்லை, முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

முழங்கால் கதை உனக்குத் தெரிந்ததுதான். லிஃப்ட் குழிக்குள் வேலையை முடித்துவிட்டு ஏணியில் ஏறும்போது கால் பிசகியது, டாக்டர் படியே ஏறக் கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். ஊரிலுள்ள கட்டடங்களுக்கெல்லாம் லிஃப்ட் ரிப்பேர் பார்க்கிறவன் குடியிருப்பது லிஃப்ட் இல்லாத வீட்டின் இரண்டாவது மாடியில். இறங்கினால் ஏற முடியாது என்பதால் இறங்கவே இல்லை. சும்மா உட்கார எனக்கு எங்கே தெரியும், கதவுக் கீல்களுக்கெல்லாம் எண்ணெய் போட்டேன், சமையலறைக் குழாய்க்கு வாஷர் மாற்றினேன், ஒழுகாத குளியலறைக் குழாய்க்கும் மாற்றினேன், அது இப்போது ஒழுகுகிறது. அன்றைக்கு மருந்துக்கடை வேலை முடிந்து திரும்பி வந்த உன் அம்மா ஈரத் தரையில் நின்றபடி, “எதையும் கழட்டாம ஒரு நாள் முழுக்க இருக்கறதுக்கு உங்களுக்கு என்னதாங்க வேணும், சொல்லுங்க, கடையில இருந்தா மாத்திரையா வாங்கிட்டு வந்துடறேன்” என்றாள். அப்புறம் அவளே உன் அறைக் கதவைத் திறந்து, துணி போட்டு மூடியிருந்த உன் கம்ப்யூட்டரைத் துடைத்து, சீட்டு விளையாட்டு ஒன்றைப் போட்டுக்கொடுத்துவிட்டு, இனிமேல் ஸ்க்ரூடிரைவரைத் தொட்டால் பார் என்று சொல்லிப் போனாள்.

சீட்டு நன்றாகத்தான் இருந்தது, ஆனால் அதைத் தேடிப் பிடிப்பதற்குள் தாவு தீர்ந்துவிடும். கீழே மூலையில் அமுக்கு, பட்டியல் திறக்கும், கீழே கீழே உருட்டு, அதற்குள் இன்னொரு பட்டியல். கடைசியில் சீட்டு வரும்போது காபி ஆறிப்போயிருக்கும். இதற்கு ஒரு குறுக்குவழி இல்லாமலா இருக்கும் என்று துழாவித் துழாவிக் கண்டுபிடித்தேன். விளையாட்டின் பெயர்மேல் மவுஸின் வலது பக்கத்தை அமுக்கினால் ஷார்ட்கட் செய்யட்டுமா என்று அதுவே கேட்கிறது, சரியென்றால் திரையில் ஒரு குட்டிப் படம் வந்து உட்கார்ந்துகொள்கிறது. அதை இரண்டு தட்டுத் தட்டினால் போதும், நேரே சீட்டுக் கட்டு. நீ சிரிக்கிறாய் என்று தெரிகிறது, உனக்கு இது பால்குடி நாளிலேயே தெரிந்த வித்தை. எனக்கு அது புது மண்டபம் கட்டியதுபோல் இருந்தது. சீட்டுக்கு ஒன்று, சதுரங்கத்துக்கு ஒன்று, நான் விளையாடவே விளையாடாத பந்தயக் காருக்கு ஒன்று, கால்குலேட்டருக்கு ஒன்று, எனக்கே என்னவென்று தெரியாத நாலைந்துக்கு ஒவ்வொன்று என்று போட்டுத் தள்ளிவிட்டேன். திரையில் இருந்த உன் பட்டமளிப்புப் படத்தில் மூக்கு நுனி மட்டும்தான் வெளியே தெரிந்தது.

உன் அம்மாவுக்கு அடைசல் ஆகாது. ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் குளித்துவிட்டு வருவதற்குள் அவ்வளவையும் வழித்துக் குப்பையில் போட்டுவிட்டாள். “கடைத்தெரு மாதிரி இருந்துச்சு, பொண்ணு முகம் தெரிய வேணாமா” என்றாள். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. சீட்டுப் போனால் போகிறது, கம்ப்யூட்டரில் இருந்த உன் சாமான்கள் என்ன ஆயிற்றோ. “பத்து வருஷமா அவ சேத்து வெச்சதையெல்லாம் ஒரே நிமிஷத்துல அழிச்சிட்டியே” என்று நான் கத்த, அவளும் முகம் வெளுத்து நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். அன்று மதியம் இரண்டு பேருக்கும் சோறு இறங்கவில்லை. அப்புறம்தான் எனக்கு மண்டையில் உறைத்தது, பழைய வழியில் போய்ப் பட்டியலைத் திறந்து பார்த்தால் எல்லாம் வைத்தது வைத்தபடி இருக்கிறது. லிஃப்டில் ஐந்தாம் மாடிப் பொத்தானைப் பிடுங்கிவிட்டால் ஐந்தாம் மாடி இடிந்தா விழுந்துவிடும், இத்தனை வருஷம் பொத்தான் மாட்டிய எனக்கு இது தெரியவில்லை பார். அம்மாவிடம் சொன்னேன், அவள் ஒரு பெருமூச்சு விட்டுவிட்டு, அந்த மதியத்தில் நான் கத்தியதற்கெல்லாம் சேர்த்து இரவு சாப்பாடு வரைக்கும் பேசவில்லை.

சமாதானத்துக்காக இனி இரண்டே இரண்டுதான் என்று ஒப்புக்கொண்டு, சீட்டுக்கும் சதுரங்கத்துக்கும் மட்டும் மறுபடி ஷார்ட்கட் செய்தேன். அதோடு ஒரு படி மேலே போய், மூன்று விசையைச் சேர்த்து அமுக்கினால் சீட்டுத் தானே திறக்கும்படியும் வைத்தேன். கண்ணாடி சமையலறையில் இருந்தது, எடுத்து வரச் சோம்பல். பட்டியலில் சீட்டு என்று நினைத்து அதற்கு அடுத்திருந்ததைப் பிடித்து இழுத்துவிட்டு, அதற்குச் சீட்டு என்று பெயரும் வைத்துவிட்டேன். மறுநாள் உன் அம்மா உன் அறையில் உட்கார்ந்து கடைக்கு வர வேண்டிய மருந்துகளுக்காக மெயில் எழுதும்போது, அவளுக்குத் தெரியாமல் அந்த மூன்று விசையில் விரல் பட்டிருக்கிறது. வீடே அதிரும்படி ஒரு கப்பல் சங்கு ஊதியது. அவள் போட்ட கூச்சலில் நான் முழங்காலை மறந்து ஓடினேன். கீழ்வீட்டில் டிரம்பெட் வாசிக்கிறவர் இருக்கிறாரே, அவர் மேலே ஏறி வந்து, கொஞ்சம் சத்தத்தைக் குறைக்கக் கூடாதா என்று கேட்டார். கேட்டவர் யார் என்று யோசித்துப் பார். திரையில் பார்த்தால் நங்கூரம் போட்ட பாய்மரக் கப்பல் ஒன்று, மழைத் துறைமுகம், மேலே “ஆந்தை, வருக” என்று எழுத்து. ஆந்தை யார் என்று நாங்கள் இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டோம்.

அம்மா மெயிலைப் போனில் முடிக்க அடுக்களை மேசைக்குப் போய்விட்டாள். நான் மூடுவதற்காக எங்கேயோ தட்டினேன், பக்கத்தில் கிடந்த உன் ஹெட்போனிலிருந்து குரல் கேட்டது. காதில் மாட்டினால் ஒரு பெண் குரல், “ஏய் ஆந்தை, உயிரோடதான் இருக்கியா, எங்கடி தொலைஞ்ச இத்தனை நாளா” என்று மூச்சு விடாமல் பேசுகிறது. ஆந்தை நீதான் என்று புரிந்ததும் நான் தொண்டையைச் செருமிக்கொண்டு, “நான் ஆந்தையோட அப்பா பேசறேம்மா” என்றேன். அப்புறம் ஓர் ஆண் குரல், “வணக்கம் அங்கிள்” என்றது, ஏதோ பள்ளிக்கூடத்தில் மாட்டிக்கொண்டதுபோல. அவர்கள்தான் உன் விளையாட்டுத் தோழர்கள், சுண்டெலியும் ஆமையும். அவள் நர்ஸ் வேலை பார்க்கிறாள், அவன் பேக்கரியில் மாவு பிசைகிறான், வேலை முடிந்த சாயங்கால வேளையில் இரண்டு பேரும் அந்தத் துறைமுகத்தில் வந்து நிற்பார்களாம். மூன்று பேராவது இல்லாவிட்டால் கப்பல் கிளம்பாதாம், நீ வராததால் கட்டிய கயிறு கட்டியபடியே கிடக்கிறதாம். அப்போது சுண்டெலி, “பாவம் அங்கிள், வேலை போன அன்னிக்குத்தான் கடைசியா வந்தா, கம்பெனி கம்ப்யூட்டரைத் திருப்பிக் கொடுக்கணும்னு சொல்லிட்டுப் போனா, இப்பப் பரவால்லையா அவ” என்று கேட்டாள். “வேலை போச்சா” என்றேன். “ஐயோ, உங்களுக்குத் தெரியாதா” என்று அவள் குரல் உடைந்தது. அவர்கள்மேல் நீ கோபப்படக் கூடாது குட்டி. எங்களுக்குத் தெரிந்திருக்கும் என்று நினைத்துத்தான் அந்தப் பெண் கேட்டாள், அதற்கப்புறம் பாதி நேரம் மன்னிப்புத்தான் கேட்டுக்கொண்டிருந்தாள்.

ஹெட்போனைக் கழற்றிவிட்டு அடுக்களைக்குப் போனேன். அம்மாவிடம் சொன்னேன். அவள் கையிலிருந்ததை வைத்துவிட்டு, “அப்ப போன ஞாயித்துக்கிழமை தலைக்கு மேல வேலைன்னு சொன்னாளே” என்றாள். எனக்கு உடனே உன்னை அழைத்துக் கேட்டுவிட வேண்டும்போல் இருந்தது, அவள் போனைப் பிடுங்கி வைத்துக்கொண்டாள். “மருந்துக்கடைக்கு வர்றவங்கள்ல பாதிப் பேரு வியாதிய மெல்லமாத்தான் சொல்லுவாங்க. பக்கத்துல ஆளிருந்தா இருமல் மருந்து குடுங்கன்னு கேட்டுட்டு, ஆள் போனப்பறம்தான் உண்மையச் சொல்லுவாங்க. அவளே சொல்லட்டும்” என்றாள். அடுத்த ஞாயிறு நீ அழைத்தாய், நீயும் வேலைப் பளு என்றாய், அவளும் அப்படியா என்றாள், சாப்பிட்டாயா என்று மூன்று தரம் கேட்டாள், நீ அலுத்துக்கொண்டாய். போனை வைத்த பிறகு பால்கனிக்குப் போய், காய்ந்த துணியை எடுத்து மடித்து, மடித்ததையே மறுபடி உதறி மடித்துக்கொண்டிருந்தாள். அதைப் பார்த்துவிட்டுத்தான் நான் இந்தக் கடிதம் எழுதுவது என்று முடிவு செய்தேன். அவளும் இரண்டு நாள் யோசித்துவிட்டு எழுதுங்கள் என்றாள்.

போன வருஷம் ஒரு பெரிய அலுவலகத்தில் மாதாந்தரச் சோதனைக்குப் போயிருந்தேன். ஒரு லிஃப்ட் மூன்றுக்கும் நான்குக்கும் நடுவில் நிற்கிறது, கதவைத் திறந்து பார்த்தால் உள்ளே ஒரு மனிதர் கோட்டை மடித்துப் போட்டு அதன்மேல் உட்கார்ந்திருக்கிறார். வியர்வையில் நனைந்து கிடக்கிறார். ஏன் சார் மணி அடிக்கவில்லை, கையெட்டும் தூரத்தில்தானே இருக்கிறது என்று கேட்டேன். “எல்லாரும் ஓடி வருவாங்க, வேடிக்கை பாப்பாங்க, தானா கிளம்பிடும்னு பார்த்தேன்” என்றார். அன்றைக்கு நண்பர்களிடம் அதைச் சொல்லிச் சிரித்தேன். இப்போது என் மகளே அப்படி உட்கார்ந்திருக்கிறாள் என்று தெரிந்த பிறகு சிரிப்பு வரவில்லை. லிஃப்ட் நிற்பது அதில் ஏறியவர் குற்றமல்ல குட்டி, முப்பது வருஷமாக இதைத்தான் நான் ஜனங்களிடம் சொல்லி வருகிறேன், உனக்கு மட்டும் சொல்லாமல் விட்டுவிட்டேன்போல.

சரி, கண்ணைத் துடைத்துக்கொள், இனிமேல் வருவது சிரிக்கிற சமாசாரம். அந்தப் பிள்ளைகள் கப்பலைக் கட்டிப்போட்டுக் காத்திருப்பது எனக்கு மனசு கேட்கவில்லை, நீ வரும்வரை நான் ஒரு கை கொடுக்கிறேன் என்று உன் பெயரிலேயே ஏறினேன். சுக்கானை என்னிடம் கொடுத்தார்கள். துறைமுகத்தைத் தாண்டுவதற்குள் கலங்கரை விளக்கத்தில் மோதி மூழ்கடித்தேன். இரண்டாம் தரம் நிறுத்தி வைத்திருந்த இன்னொருவர் கப்பலில். மூன்றாம் தரம் கரையிலேயே, அது எப்படி முடிந்தது என்று ஆமைக்கே விளங்கவில்லையாம். பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்த உன் அம்மா பொறுக்க முடியாமல் “நகருங்க” என்றாள். நகர்ந்தவன் நகர்ந்தவன்தான், அதற்கப்புறம் எனக்கு அந்த நாற்காலி கிடைக்கவில்லை. காற்று எந்தப் பக்கம், அலை எந்தப் பக்கம் என்று அவளுக்கு ஒரு பார்வையில் தெரிகிறது. ஆமை “வலது, வலது” என்று கத்தினால், “தெரியுதுப்பா, பதறாத” என்று கடையில் கூட்டத்தைச் சமாளிக்கும் அதே குரலில் சொல்கிறாள். நான்கு பேர் வரைக்கும் ஏறலாம் என்பதால் உன் இடத்தை எடுத்துக்கொள்ளக் கூடாது என்று சொல்லிவிட்டாள், சுண்டெலி அவளுக்குத் தனிக் கணக்கு தொடங்கிக் கொடுத்தாள். என்ன பெயர் வேண்டும் என்று கேட்டதற்குக் கழுகு வேண்டும் என்றாள், அதை ஏற்கெனவே யாரோ எடுத்துவிட்டார்களாம், புறா கேட்டாள், அதுவும் போயிற்று. இப்போது கப்பலில் எல்லாரும் அவளைக் கோழி என்று கூப்பிடுகிறார்கள், கோழி ஆன்ட்டி என்று மரியாதையாக.

ஷார்ட்கட் இலாகா மட்டும் இன்னும் என் கையில் இருக்கிறது. கம்ப்யூட்டரில் அந்தக் கப்பலுக்கு இன்னும் சீட்டு என்றுதான் பெயர், மாற்றப் போனேன், ராசியான பெயர் என்று அம்மா தடுத்துவிட்டாள். சின்னத் திரையில் கண் வலிக்கிறது என்றதால் உன் பழைய விளையாட்டுப் பெட்டியை எடுத்து வந்து ஹாலில் டிவியோடு மாட்டினேன், அதில் கப்பலை முதல் வரிசையில் முதல் ஆளாகப் பொருத்தி வைத்துவிட்டேன், போட்டதும் அதுதான் வந்து நிற்கும். மதிய இடைவேளையில் துறைமுகத்தில் யார் இருக்கிறார்கள் என்று பார்க்க அவள் போனிலும் போட்டுக் கொடுத்தேன். அதில் ஒரு கூத்து, என் கட்டைவிரல் தடிமனில் கப்பல் போய் அவள் கேமராப் படத்தின்மேல் விழுந்து இரண்டும் ஒரே உறைக்குள் போய்விட்டன, கடை ஊழியர்களைப் படம் எடுக்கப் போனவள் சங்கு ஊதிவிட்டாள். இதை ஏன் இவ்வளவு விளக்கமாக எழுதுகிறேன் என்றால், உன்னிடம் இப்போது கம்ப்யூட்டர் இல்லை, ஆனால் போன் இருக்கிறது, போனிலும் அதே கப்பலில் ஏறலாம் என்று ஆமை சொன்னான். இறக்கிக்கொள், அதன் படத்தின்மேல் விரலை அழுத்தி வைத்து, அசைய ஆரம்பித்ததும் இழுத்துக்கொண்டு வந்து முதல் பக்கத்தில், கட்டைவிரல் எட்டுகிற இடத்தில் விடு. உனக்குத் தெரியாததில்லை, இருந்தாலும் அப்பன் என்று இருந்தால் தெரிந்ததைத்தானே திருப்பிச் சொல்லிக்கொண்டிருப்பான்.

போன சனிக்கிழமை பெரிய புயல். அம்மா உதட்டைக் கடித்துக்கொண்டு ஓட்டுகிறாள், சுண்டெலி பாயை இறக்குகிறாள், ஆமை தண்ணீரை இறைத்து இறைத்து ஊற்றுகிறான், நான் சோபாவில் காலை நீட்டிக்கொண்டு பயப்படும் வேலையைப் பார்க்கிறேன். அவர்கள் இதுவரை எட்டாத அந்தக் கடைசித் தீவில் கப்பலைக் கொண்டுபோய் நிறுத்திவிட்டாள். கொண்டாட்டம் ஓய்ந்ததும் அம்மா, “ஆந்தை ஓட்டியிருந்தா எப்பவோ வந்து சேந்திருப்பீங்க இல்ல” என்று கேட்டாள். இரண்டு பேரும் விழுந்து விழுந்து சிரிப்பது டிவியிலும் கேட்டது. “நீங்க வேற ஆன்ட்டி, ஆந்தை ஓட்டினா நேரா பாறைதான். இந்தக் கடல்ல அவ மோதாத பாறையே கிடையாது” என்றான் ஆமை. அப்படியானால் ஏன் அவளிடமே சுக்கானைக் கொடுத்தீர்கள் என்று அம்மா கொஞ்சம் விறைப்பாகவே கேட்டாள், பெற்றவளுக்குப் பொறுக்குமா. அதற்குச் சுண்டெலி சொன்னாள், “அவ இருந்தா சிரிச்சிக்கிட்டே மூழ்குவோம் ஆன்ட்டி. இப்பக் கரைக்கு வந்துட்டோம், என்னவோ போரடிக்குது.” அம்மா ஹெட்போனைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு சிரித்தாள், சிரிக்கச் சிரிக்கக் கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது, என் சட்டை நுனியை இழுத்துத் துடைத்துக்கொண்டாள். அப்புறம் என்னிடம் திரும்பி, “கடிதத்துல இத மட்டும் என் வாயால சொன்னதா எழுதுங்க. வேலை கெடச்சப்பறம் சொல்லலாம், கெடச்சப்பறம் பேசலாம்னு உக்காந்திருக்க வேணாம். வேலை இல்லாதவளாவே வரச் சொல்லுங்க” என்றாள். அவள் சொன்னதை ஓர் எழுத்து மாற்றாமல் எழுதியிருக்கிறேன்.

வேலை வரும் கண்ணு, உன் கைக்கு வேலை வராமல் போகாது. அதுவரை வாடகையோ வயிறோ எதுவாயிருந்தாலும் எங்களிடம் மறைக்காதே, வீட்டுக்கு வந்து இருக்க வேண்டும்போல் இருந்தால் பெட்டியைக் கட்டு, உன் அறை உன் அறையாகவே இருக்கிறது. தலைக்கு எண்ணெய் வை, பழையதைச் சூடு பண்ணிச் சூடு பண்ணிச் சாப்பிடாதே, பகலில் ஒரு தரமாவது வெளியே இறங்கி நட. நோய்நொடி இல்லாமல், மனசு லேசாகி, நீ எடுத்ததெல்லாம் கைகூட வேண்டும் என்று நானும் அம்மாவும் தலையில் கை வைத்து வாழ்த்துகிறோம். சனிக்கிழமை சாயங்காலம் கப்பல் கிளம்புகிறது, மறந்துவிடாதே. சுக்கானை அம்மா உனக்கு விட்டுக்கொடுப்பாளா என்பதற்கு நான் பொறுப்பல்ல, அதை நீங்கள் இரண்டு பேரும் நடுக்கடலில் தீர்த்துக்கொள்ளுங்கள்.

என்றும் உன்னை நினைத்திருக்கும்,
அப்பா